எட்டாம் திணை: சிச்சேன் இட்சா ஒருநாள் சுற்றுலா பற்றி ஓர் ஆய்வுரை

திணை ஏழு என்று முன்னோர் வகுத்தார்கள். கைக்கிளை தொடங்கிப் பெருந்திணை ஈறாக அந்த ஏழும் அவர்கள் காலத்து மனிதருக்குப் போதுமானவையாக இருந்தன. மெக்சிகோவின் கான்கூன் கடற்கரை விடுதியில் சும்மா கிடந்த ஒருவர், விடியும் முன்பே குளிர்பதனப் பேருந்தில் ஏற்றப்பட்டு, ஏறத்தாழ 200 கிலோமீட்டர் மேற்கே கொண்டுசெல்லப்பட்டு, மாயா மக்களின் பழம்பெரும் நகரான சிச்சேன் இட்சா காட்டப்பட்டு, உண்பிக்கப்பட்டு, நீராட்டப்பட்டு, இரவில் புறப்பட்ட வாசலிலேயே இறக்கிவிடப்படும் நிகழ்ச்சியை எந்தத் திணையில் அடக்குவது என்று யோசிக்கும் அவசியம் அவர்களுக்கு நேரவில்லை.

பாலையில் அடக்கலாம் என்பாரும் உளர். வெயில் இருக்கிறது, நெடுவழி இருக்கிறது, தண்ணீர் விலை அதிகம் என்பது அவர் வாதம். அது பொருந்தாது. பாலைக்கு உரியது பிரிவு. இங்கே பேருந்தில் ஏறிய ஐம்பதின்மரும் பன்னிரண்டு மணி நேரத்துக்கு ஒருவரை ஒருவர் பிரியவே முடியாது. ஆகவே இதற்குத் தனித் திணை வேண்டும் என்பதும், அது எண்ணிக்கையில் எட்டாவது என்பதும் இவ்வாய்வின் கருதுகோள்.

ஆய்வின் எல்லையையும் சொல்லிவிட வேண்டும். 1924 முதல் சில்வானஸ் மோர்லி தலைமையில் கார்னகி நிறுவனத்தார் இந்நகரை ஆண்டுக்கணக்கில் அகழ்ந்தார்கள். அவர்களுக்குப் பின் மெக்சிகோவின் தேசிய மானுடவியல், வரலாற்று நிறுவனம் அகழ்ந்துகொண்டே இருக்கிறது. நகரைத் தோண்டியவர்கள் இத்தனை பேர் இருக்க, பேருந்தை ஆராய்ந்தவர் ஒருவரும் இல்லை. அந்தக் குறையை நிரப்புவதே நோக்கம். நம்மூர் மயனையும் மெக்சிகோவின் மாயாவையும் முடிச்சுப் போடும் ஆய்வுகளை இக்கட்டுரை தொடவில்லை. அதற்கு வேறு பேருந்து.

முதற்பொருள்

முதற்பொருள் நிலமும் பொழுதும் என இருவகைப்படும். நிலத்தைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. யுகடான் தீபகற்பத்தின் வடபகுதி முழுதும் சுண்ணாம்புக்கல். மழை பெய்தால் நீர் கல்லுக்குள் இறங்கிவிடும். தரைமேல் ஓடும் ஆறு ஒன்றுகூடக் கிடையாது. மேடும் இல்லை, பள்ளமும் இல்லை. இரண்டரை மணி நேரம் சாளரத்துக்கு வெளியே ஒரே உயரத்தில் ஒரே பச்சைக் காடு ஓடும். பயணிகள் இதைப் பத்து நிமிடம் பார்த்துவிட்டு உறங்குவர்.

பொழுதுதான் சிக்கல். கான்கூன் இருப்பது கின்டானா ரூ மாநிலத்தில், சிச்சேன் இட்சா இருப்பது யுகடான் மாநிலத்தில். 2015 பிப்ரவரி 1 அன்று கின்டானா ரூ தன் கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னுக்குத் தள்ளிக்கொண்டது. கடற்கரைக்கு வந்தவர்களுக்கு மாலை வெளிச்சம் கூடுதலாகக் கிடைக்க வேண்டும் என்பது காரணம். யுகடான் தள்ளிக்கொள்ளவில்லை. எனவே பேருந்து மாநில எல்லையைத் தாண்டும் நொடியில் ஐம்பது கைபேசிகளும் ஒரு மணி நேரம் பின்வாங்கும். காலையில் ஒன்பதரை என்று நினைத்தவர் எட்டரையில் இருப்பார். வழிகாட்டி இதைத் தம் நிறுவனத்தின் அன்பளிப்பு என்பது போல ஒலிவாங்கியில் அறிவிப்பார். பேருந்தில் கைதட்டல் எழும்.

அதே மணி நேரம் மாலையில் திரும்பப் பறிக்கப்படும். அப்போது அறிவிப்பும் இல்லை, கைதட்டலும் இல்லை. பயணிகள் உறங்கிக்கொண்டிருப்பார்கள்.

காலக்கணக்கில் இத்தனை கறாரான மண் வேறில்லை என்பதை இங்கே நினைவில் கொள்ள வேண்டும். மாயா மக்கள் 260 நாள் கொண்ட சோல்கின் என்ற புனித ஆண்டையும், 365 நாள் கொண்ட ஹாப் என்ற ஆண்டையும் ஒருசேர ஓட்டினார்கள். ஹாப் என்பது இருபது நாள் மாதம் பதினெட்டும், மிஞ்சிய ஐந்து பொல்லாத நாள்களும் சேர்ந்தது. இரண்டு ஆண்டுகளும் ஒரே புள்ளியில் மறுபடி சந்திக்க 18,980 நாள், அதாவது 52 ஆண்டு ஆகும். அதற்கும் மேலே நெடுங்கணக்கு ஒன்று உண்டு. அதில் 1,44,000 நாள் ஒரு பக்தூன். பதின்மூன்றாம் பக்தூன் 2012 டிசம்பர் 21 அன்று நிறைவுற்றபோது உலகம் அழியும் என்று மாயா அல்லாதவர்கள் அனைவரும் நம்பினார்கள். அழிவுக்கு மறுநாளும் கான்கூனில் பேருந்துகள் விடுதி வாசல்களில் நின்றன என்று கொள்வதில் தடையொன்றும் இல்லை.

இத்திணையின் மிகச்சிறிய கால அலகு 'வழிகாட்டியின் ஐந்து நிமிடம்'. இன்னும் ஐந்து நிமிடத்தில் புறப்படுவோம் என்று அவர் சொன்னால் இருபது நிமிடம் என்று பொருள். மாயா எண்முறை பத்தை அடிப்படையாகக் கொள்ளாமல் இருபதை அடிப்படையாகக் கொண்டது. புள்ளி ஒன்றைக் குறிக்கும், கோடு ஐந்தைக் குறிக்கும், இருபதில் இடம் மாறும். ஐந்தும் இருபதும் வழிகாட்டியின் நாவில் மயங்குவது அந்த மரபின் எச்சமே என்பது எம் துணிபு. இதை அவரிடம் கூறியபோது மறுக்கவில்லை.

சூடும் பூ

புறத்திணையில் நிரை கவர்வோர் வெட்சி சூடுவர், மீட்போர் கரந்தை சூடுவர். எவர் எந்தப் படை என்று தூரத்திலிருந்தே தெரிய வேண்டும் என்பதே அதன் பயன். எட்டாம் திணையில் பூவுக்குப் பதில் பட்டை. விடுதியில் தின்பதும் குடிப்பதும் அடங்கிவிட்டன என்று காட்டும் பட்டை ஏற்கெனவே மணிக்கட்டில் இருக்கும். அதன்மேல் சுற்றுலாப் பட்டை ஏறும். நீலம் சூடியோர் நீலக்கொடி பிடித்த வழிகாட்டியின் பின்னும், ஆரஞ்சு சூடியோர் ஆரஞ்சுக் குடை பிடித்தவர் பின்னும் செல்வர். பிரமிடின் முன்னால் பல படைகள் எதிர்ப்படும்போது நீலம் சூடிய ஒருவர் ஆரஞ்சுப் படையோடு கலந்து, தமக்கு விளங்காத மொழியில் அரைமணி நேரம் தலையாட்டி நிற்பதும் உண்டு. போரில் இதற்குக் கடும் தண்டனை. இங்கே பகல் உணவில் இடம் மாறி உட்கார வேண்டி வரும், அவ்வளவுதான்.

நுழைவுச்சீட்டும் இரண்டு. ஒன்று நடுவண் நிறுவனத்துக்கு, மற்றொன்று யுகடான் மாநிலத்துக்கு. நினைவுச்சின்னம் நாட்டுக்குச் சொந்தம். அது நிற்கும் நிலமோ 2010 வரை ஒரு தனியார் குடும்பத்துக்குச் சொந்தமாக இருந்தது. அந்த ஆண்டுதான் மாநில அரசு 220 மில்லியன் பேசோ கொடுத்து வாங்கியது. பிரமிடின் பட்டா இன்னாரிடம் இருந்தது என்ற செய்தியை எந்த வழிகாட்டியும் சொல்வதில்லை. பாம்புக்கடவுளின் கதையோடு பத்திரப்பதிவு ஒட்டாது போலும்.

கருப்பொருள்

தெய்வம்: குக்குல்கான், இறகு முளைத்த பாம்பு. அதன் கோயிலான பெரும்பிரமிடுக்கு நான்கு புறமும் பக்கத்துக்கு 91 படிகள். நான்கு பக்கமும் கூட்டினால் 364, உச்சி மேடையையும் சேர்த்தால் 365. இந்தக் கூட்டலைப் பயணிகள் அனைவரும் கைபேசியில் சரிபார்ப்பர். சமபகலிரவு நாள்களை ஒட்டி, மாலை வெயிலில் வடக்குப் படிக்கட்டின் கைப்பிடிச் சுவரில் முக்கோண முக்கோணமாக ஒளி விழுந்து, அடியில் இருக்கும் பாம்புத் தலையோடு சேர்ந்து, பாம்பு இறங்குவது போலத் தோன்றும். மற்ற நாள்களில் வருவோருக்காக வழிகாட்டி லேமினேட் செய்த படம் ஒன்று வைத்திருப்பார். பாம்பு அந்தப் படத்தில் ஆண்டு முழுதும் இறங்கிக்கொண்டிருக்கும்.

முன்பெல்லாம் பிரமிடின்மேல் ஏற விடுவார்கள். 2006-ல் ஒரு பயணி விழுந்து இறந்தபின் ஏறுவது தடைசெய்யப்பட்டது. இதன் விளைவு ஆய்வாளர் எவரும் எதிர்பாராதது. ஏற முடியாதவர்கள் சுற்றத் தொடங்கினார்கள். ஆயிரம் ஆண்டுப் பழமையுள்ள கோயிலை நாள்தோறும் ஆயிரக்கணக்கானோர் வலம் வருகிறார்கள். இடம் வருவோரும் சிலர் உண்டு. அவர்கள் நிழல் இருக்கும் பக்கத்தைத் தேடுபவர்கள். பிரமிடுக்குள்ளே இன்னொரு பிரமிடு இருப்பதும், அதனுள் பச்சைக்கல் புள்ளியிட்ட சிவப்பு ஜாகுவார் இருக்கை இருப்பதும் 1930-களில் தெரியவந்தன. அதற்குள்ளும் ஒரு சிறிய பிரமிடு உண்டு என்று 2016-ல் அறிவித்தார்கள். வெளியே சுற்றுவோர் இவற்றில் ஒன்றையும் பார்க்க முடியாது. கருவறைக்குள் விடாத கோயிலைச் சுற்றுவதில் நமக்குப் புதுமை இல்லை.

விலங்கு: இகுவானா. வெயிலில் கல்மேல் கிடக்கும். பயணிகளில் பாதிப்பேர் அதை எடுத்த படங்கள் கோயிலை எடுத்த படங்களைவிட அதிகம்.

மரம்: செய்பா. மாயா மரபில் வானையும் மண்ணையும் பாதாளத்தையும் இணைக்கும் உலகமரம். சுற்றுலா மரபில் வழிகாட்டி நின்று பேசும் நிழல். எந்தப் படை முதலில் வருகிறதோ அதற்கே மரம்.

பறை: ஜாகுவார் ஊதல். இதைச் சற்று விரித்தே சொல்ல வேண்டும். உள்ளங்கையில் அடங்கும் இந்த ஊதலைச் சரியாக ஊதினால் காட்டுவிலங்கு உறுமும் ஒலி வரும். சரியாக ஊதத் தெரிந்தவர் விற்பவர் ஒருவரே. வாங்கியவர் ஊதினால் இருமல் போல ஏதோ வரும். நகருக்குள் செல்லும் பாதைகளின் இருமருங்கும், புனிதக் கிணற்றுக்குச் செல்லும் பழைய வெண்சாலை நெடுகவும் விற்பனை மேசைகள். எல்லா மேசையிலும் ஊதல். வழிகாட்டி இந்நகரின் காலங்கடந்த மௌனத்தைப் பற்றிப் பேசும்போது நாற்புறமும் ஜாகுவார்கள் உறுமிக்கொண்டிருக்கும். உண்மையான ஜாகுவார் இத்தனை இருந்திருந்தால் இந்நகரைக் கட்டியிருக்கவே முடியாது.

விற்போர் இருவகைக் கூவல் உடையர். முதலாவது 'ஒரு டாலர்'. ஒரு டாலருக்கு மேசையில் எந்தப் பொருளும் கிடையாது. அது விலை அன்று, விளி. அண்ணே, அக்கா என்பதன் இடத்தில் நிற்பது. இரண்டாவது 'கிட்டத்தட்ட இலவசம்'. சுழியத்தைச் சிப்பி வடிவில் எழுதி வைத்தவர்கள் மாயா கணக்கர்கள். அவர்கள் வழிவந்தோர் விலையைச் சுழியத்தை நோக்கிக் கொண்டுசெல்வதில் வியப்பில்லை. முந்நூறு பேசோ முகமூடி இருநூறாகி, வாங்காமல் நகர்ந்தால் நூற்றைம்பதாகி, முதுகைக் காட்டினால் இன்னும் இறங்கி வரும். சுழியத்தை அது தொட்டதாகச் சான்று இல்லை.

வாங்குவது இழிவு என்று எண்ணும் பயணிகளுக்கு ஒரு முன்மாதிரி. எட்வர்டு தாம்சன் என்ற அமெரிக்கர் 1894-ல் சிச்சேன் இட்சா நின்ற பண்ணை நிலத்தையே விலைக்கு வாங்கினார். 1904-ல் தொடங்கிப் புனிதக் கிணற்றைத் தூர்வாரி, கிடைத்த பொன்னையும் பச்சைக்கல்லையும் ஹார்வர்டின் பீபாடி அருங்காட்சியகத்துக்கு அனுப்பினார். ஒரு பகுதி பல பத்தாண்டுக்குப் பிறகே மெக்சிகோவுக்குத் திரும்பியது. அவருக்கும் முன்னால் பயண எழுத்தாளர் ஜான் லாயிட் ஸ்டீவன்ஸ் ஹோண்டுராசில் உள்ள கோப்பான் நகரை 50 டாலருக்குப் பேசி முடித்தார். விலையில் இழுபறியே நேரவில்லை என்று அவரே எழுதினார். இவர்களோடு ஒப்பிட்டால் ஓர் ஊதலோடு வெளியேறுபவர் துறவி.

உணவு: வரிசையில் நின்று தாமே எடுத்துக்கொள்ளும் விருந்து. யுகடானின் உண்மையான சமையல் பெரியது. பன்றி இறைச்சியில் ஆச்சியோட்டே விதை அரைத்த சிவப்பு மசாலாவும் புளிப்பு ஆரஞ்சுச் சாறும் தடவி, வாழை இலையில் பொதிந்து, மண்ணுக்குள் குழியடுப்பில் வேகவைக்கும் கொச்சினீட்டா பிபில் ஒன்றே போதும் சான்றுக்கு. விருந்து மேசையின் கோடியில் அது ஒரு தட்டில் இருக்கும். அதை எட்டுவதற்குள் பாஸ்டாவும் வறுத்த கோழியும் தட்டை நிரப்பிவிடும். உண்ணும்போது வெள்ளைப் பூவேலை உடை உடுத்த பெண்கள் தலையில் தட்டும் புட்டியும் ஏந்தி ஹரானா ஆடுவர். 'பானம் தனி' என்பது இத்திணையின் மறைபொருள். சுற்றுலாக் கட்டணத்தில் எல்லாம் அடங்கும், பானம் நீங்கலாக. முப்பத்தைந்து பாகை வெயிலில் இரண்டு மணி நேரம் நடத்திவிட்டு உணவை இலவசமாகவும் தண்ணீரை விலைக்கும் கொடுக்கும் ஏற்பாட்டை வகுத்தவர் யாரோ, அவருக்குப் பொருளியலில் ஒரு பட்டம் தரலாம்.

நீர்: செனோட்டே. சுண்ணாம்புக்கல் கூரை இடிந்து திறந்த இயற்கைக் கிணறு. இக் கில் என்னும் செனோட்டேயில் தரையிலிருந்து 26 மீட்டர் கீழே நீர்மட்டம். மேலிருந்து கொடிகளும் வேர்களும் தண்ணீரைத் தொடும்படி தொங்கும். கண்கொள்ளாத இடம் என்பதை இவ்வாய்வு மனமாற ஒப்புக்கொள்கிறது. முறை மட்டும் விளங்கவில்லை. காலையில் வெயில்களிம்பு பூசாமல் இறங்காதீர்கள் என்பார் வழிகாட்டி. பிற்பகலில் களிம்பைக் கழுவாமல் நீரில் இறங்காதீர்கள் என்பார் காவலர். பாதுகாப்பு மேலங்கிக்கு ஒரு வரிசை, பூட்டறைக்கு ஒரு வரிசை, குளியலுக்கு ஒரு வரிசை. ஒதுக்கிய முக்கால் மணி நேரத்தில் வரிசைகள் போக எஞ்சும் நேரத்தை நீராடலாகக் கொள்க.

வழிகாட்டி கூற்று

அகப்பாட்டில் எவர் எப்போது பேசலாம் என்பதற்கு வரையறை உண்டு. எட்டாம் திணையில் வழிகாட்டி மட்டுமே பேசலாம். அவர் கூற்று மூன்று இடங்களில் உச்சம் பெறும்.

முதலாவது, பிரமிடின் வடக்குப் படிக்கட்டின் முன். அவர் ஒருமுறை கைதட்டுவார். படிகளில் மோதித் திரும்பும் ஒலி கீச்சென்று இறங்கும் பறவைக்குரலாகக் கேட்கும். அது கெட்சல் பறவையின் குரல் என்பார். ஒலியியல் அறிஞர் டேவிட் லப்மன் 1998-ல் இதைப் பற்றி ஆய்வு வெளியிட்டார். காரணம் எளிதுதான். கீழ்ப்படிகளின் எதிரொலிகள் நெருக்கமாகவும் மேற்படிகளின் எதிரொலிகள் வரவர இடைவெளி விட்டும் காதை அடைவதால் சுருதி சட்டெனத் தாழ்கிறது. கட்டியவர்கள் இதை வேண்டுமென்றே செய்தார்களா என்பது இன்னும் வழக்கில் இருக்கிறது. 2004-ல் பெல்ஜியத்தின் நிக்கோ டெக்ளெர்க் குழுவினர் வேறொன்று சொன்னார்கள். ஆட்கள் படியேறும் காலடி ஓசை, கீழே உட்கார்ந்திருப்பவருக்கு வாளித் தண்ணீரில் மழைத்துளி விழுவது போலக் கேட்கிறதாம். ஏறத் தடை வந்தபின் மழை நின்றுவிட்டது. பறவை மட்டும் நாள் முழுதும் கூவுகிறது. கெட்சல் வாழ்வது குவாத்தமாலா, சியாப்பாஸ் பக்கத்து மலைக்காடுகளில். இந்தச் சமவெளியில் அது கிடையாது. ஆக, இல்லாத பறவை இருக்கும் ஒரே இடம் இது. பத்து வழிகாட்டிகள் ஒரே நேரத்தில் கைதட்டும்போது எது யாருடைய பறவை என்று பிரித்தறிய முடிவதில்லை.

இரண்டாவது, பந்தாட்டக்களம். நீளம் 168 மீட்டர், அகலம் 70 மீட்டர். இதைவிடப் பெரிய பந்துக்களம் பழைய மெசோ அமெரிக்காவில் இல்லை. பக்கச் சுவரில் ஏறத்தாழ 6 மீட்டர் உயரத்தில் கல்வளையம். கெட்டி ரப்பர்ப் பந்தை இடுப்பால் மோதி ஆட வேண்டும். சுவர்ச்சிற்பத்தில் தலை வெட்டுண்ட வீரன் ஒருவன் மண்டியிட்டிருக்கிறான். கழுத்திலிருந்து குருதி பாம்புகளாகப் பீறிடுகிறது. இங்கே வழிகாட்டி நிறுத்துவார். 'தலை வெட்டப்பட்டது தோற்றவனுக்கா, வென்றவனுக்கா?' தோற்றவனுக்கு என்று ஐம்பதின்மரும் சொல்வர். வென்றவனுக்கு என்பார் அவர். பெருமூச்சு எழும். சிற்பமோ யார் வென்றார் என்று சொல்லவே இல்லை. எதிரணி வழிகாட்டி அதே சுவரின் முன்னால் தோற்றவனை வெட்டிக்கொண்டிருப்பதும் உண்டு. பயணிகள் எதிர்பார்ப்பதற்கு நேர்மாறான விடையைச் சொல்பவருக்கே மாலையில் அன்பளிப்பு கூடுதலாகச் சேர்கிறது என்பது நேர்காட்சி. தொல்லியல் கோட்பாடுகளை இந்த அளவுகோலால் சோதிக்கும் துணிவு பல்கலைக்கழகங்களுக்கு இல்லை.

மூன்றாவது, புனிதக் கிணறு. கன்னிப்பெண்களை இதில் தள்ளினார்கள் என்பது வழிகாட்டிகளின் பழைய பாடம். கிணற்றில் கிடைத்த எலும்புகளில் குழந்தைகளும் வளர்ந்த ஆண்களும் நிறைய. கதை எலும்போடு ஒத்துப்போகவில்லை. கிணற்றுக்கு அருகே நிலத்தடித் தொட்டி ஒன்றில் 1967-ல் நூற்றுக்கும் மேற்பட்ட குழந்தைகளின் எலும்புகள் கிடைத்தன. அவற்றில் 64 குழந்தைகளின் மரபணுவைப் படித்த ஆய்வு 2024-ல் நேச்சர் இதழில் வந்தது. அத்தனையும் ஆண் குழந்தைகள். உருவொத்த இரட்டையர் இரண்டு இணை. இந்த இடத்தில் மட்டும் கட்டுரையாளருக்கு வேடிக்கை ஓடவில்லை, வழிகாட்டிக்கும் ஓடவில்லை. அவர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார்.

வழிகாட்டி மரபின் மூலவர் யார் என்பதையும் நிறுவ வேண்டும். பாதிரியார் டியேகோ தே லாண்டா 1562 ஜூலையில் மானீ என்ற ஊரில் மாயா நூல்களைக் குவித்துத் தீயிட்டார். பின்னர் அதற்காகக் கேள்வி எழுந்தபோது ஸ்பெயினில் உட்கார்ந்து, மாயா மக்களின் வாழ்க்கை, நாள்காட்டி, எழுத்து எல்லாவற்றையும் விவரித்து ஒரு நூல் எழுதினார். நூலகத்தை எரித்துவிட்டு அதைப் பற்றிக் கையேடு எழுதியவர் என்ற வகையில் சுற்றுலாத் துறையின் முன்னோடி அவரே. தப்பிய மாயா ஏடுகள் நான்கு. அந்த நான்கில் மூன்று ஐரோப்பிய நகரங்களின் பெயரைத் தாங்கியவை: டிரெஸ்டன், மாட்ரிட், பாரிஸ். அங்கெல்லாம் ஒருநாள் சுற்றுலா வேறு நிறுவனத்தார் நடத்துகிறார்கள்.

லாண்டா எழுதிவைத்த, தப்பும் தவறுமான எழுத்துப் பட்டியலைக் கொண்டே 1952-ல் மொழி ஆய்வாளர் யூரி க்னோரோசோவ் மாயா எழுத்து அசையெழுத்தாகவும் இயங்குவதைக் கண்டார். அவர் இருந்தது லெனின்கிராடில். மாயா மண்ணை மிதிக்க அவருக்கு ஏறத்தாழ நாற்பது ஆண்டு பிடித்தது. பேருந்தில் ஏறாமலே இவ்வளவும் முடியும் என்பதற்கு அவர் சான்று, ஆகையால் இத்திணைக்குப் புறனடை. அவர் கண்டுபிடிப்பின் பயனாக வழிக்கடையில் நம் பெயரை மாயா எழுத்தில் பொறித்து வெள்ளிப் பதக்கமாகத் தருகிறார்கள். ழகரம் உள்ள பெயர்களுக்கு அங்கும் சிரமம்தான்.

உரிப்பொருள்

குறிஞ்சிக்குப் புணர்தல், முல்லைக்கு இருத்தல். எட்டாம் திணைக்குக் காத்திருத்தலும் காத்திருத்தல் நிமித்தமும். முல்லையோடு மயங்கும் என்று ஐயுற வேண்டாம். முல்லையில் ஒருத்தி ஒருவனுக்காக இருப்பாள். இங்கே ஐம்பதின்மர் இருவருக்காகக் காத்திருப்பர்.

அந்த இருவர் எல்லாப் பேருந்திலும் உண்டு. காலையில் விடுதி வாசலுக்குக் கடைசியாக வருபவர்கள் அவர்களே. கழிப்பறை நிறுத்தத்தில் கடைசி, செனோட்டேயில் கடைசி. வயாடோலிட் நகரில் அரைமணி நேரம் விட்டால், தேவாலயத்தைப் பார்த்து, சதுக்கத்தில் ஐஸ்கிரீம் தின்று, அதற்கும் அப்பால் எங்கோ போய்விட்டு, கையில் ஒரு பெரிய மரமுகமூடியோடு சாவகாசமாக நடந்து வருவார்கள். பேருந்தில் ஏறும்போது எல்லாருக்கும் புன்னகை செய்வார்கள். எல்லாரும் திருப்பிப் புன்னகை செய்வார்கள். இது மெய்ப்பாடு எட்டில் எதிலும் அடங்காது. பன்னிரண்டு மணி நேரத்தில் இடிபாடுகளுக்குக் கிடைப்பது இரண்டு மணி நேரம். எஞ்சியதில் பெரும்பங்கு அந்த இருவருக்கு. இந்த விகிதத்தைக் கண்டு சினப்பவர் உண்டு. ஆயினும் சிச்சேன் இட்சாவைப் பற்றி ஊருக்குத் திரும்பிச் சொல்லும்போது, படிகளின் எண்ணிக்கை மறந்துபோன பிறகும், அந்த இருவரையும் அவர்கள் முகமூடியையும் எவரும் மறப்பதில்லை.

பாகன் கூற்று

அகத்திணையில் தேர்ப்பாகனிடம் விரைந்து ஓட்டு என்று தலைவன் சொல்வது மரபு. பாகன் பதில் பேசுவது அரிது. பேருந்துப் பாகரும் அவ்வாறே காலை முதல் வாய் திறக்கவில்லை. நண்பகலில் ஒருமுறை அவர் கைபேசி ஒலித்தது. வீட்டிலிருந்து என்று தோன்றியது. நடுநடுவே 'மாலோப், மாலோப்' என்றார். ஸ்பானியம் அன்று, யுகடானின் மாயா மொழி. சரி, நல்லது என்பது பொருள்.

இக்கட்டுரையாளரின் ஆய்வு முழுதும் அந்த ஒரு சொல்லில் ஆட்டம் கண்டது. வழிகாட்டி அன்று காலை முதல் 'மறைந்துபோன மாயா' என்றே சொல்லி வந்திருந்தார். தெற்கே பல நகரங்கள் ஒன்பதாம் நூற்றாண்டில் கைவிடப்பட்டது உண்மை. சிச்சேன் இட்சா பின்னர் மங்கியதும் உண்மை. மக்கள் எங்கும் போய்விடவில்லை. இட்சா மக்களின் கடைசி அரசு 1697 வரை ஸ்பானியருக்குத் தலைவணங்காமல் இருந்தது. மாயா மொழியை இன்றும் யுகடான் தீபகற்பத்தில் ஏழு லட்சத்துக்கும் மேற்பட்டோர் பேசுகிறார்கள். மேலே சொன்ன 2024 ஆய்வே, அந்தக் குழந்தைகளின் மரபணு தீஷ்காகால்துயூப் என்ற கிராமத்தில் இப்போது வாழ்வோரின் மரபணுவோடு தொடர்வதைக் காட்டியது. ஊதல் விற்ற பெண், தட்டேந்தி ஆடியவர்கள், செனோட்டே காவலர், கொச்சினீட்டாவைக் குழியில் இறக்கியவர், எல்லாரும் காலையிலிருந்து மறைந்துபோனபடியே வேலை செய்துகொண்டிருந்தார்கள்.

ஆய்வு நெறிப்படி இதை மூல ஆதாரத்திடமே சரிபார்க்க வேண்டும். திரும்பும் வழியில், பறிபோன மணி நேரத்துக்குச் சற்றுப் பின்னர், வழிகாட்டியை நெருங்கி ஒரு வினாவைப் பாகரிடம் கேட்டுச் சொல்லுமாறு வேண்டினோம். மாயா மக்கள் எப்போது மறைந்தார்கள்?

வழிகாட்டி தயங்கிவிட்டு ஸ்பானியத்தில் கேட்டார். பாகர் சாலையிலிருந்து கண்ணை எடுக்காமல் பதில் சொன்னார். முன்வரிசையில் இருந்த மெக்சிகோ நகரத்து மூதாட்டி ஒருவர் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். பின்னர் நமக்காக மொழிபெயர்த்தும் கொடுத்தார்:

"இன்னும் இல்லையாம். உங்களை எல்லாம் ஓட்டல் ஓட்டலா இறக்கிவிட்டு, வண்டியைக் கழுவி நிறுத்தினதும், பத்தரைக்குத்தான் மறைவாராம். அந்த ரெண்டு பேரும் சீக்கிரம் இறங்கினா பத்துக்கே மறைஞ்சிடலாமாம்."

வழிகாட்டி ஒலிவாங்கியை எடுத்தார். அது இன்றுவரை அறிஞர்கள் விடுவிக்க முடியாத மர்மம் என்று பாகர் சொல்வதாக ஐம்பதின்மருக்கும் அறிவித்துவிட்டு, அன்பளிப்புக்கான உறையை முன்வரிசையில் கொடுத்துப் பின்னால் அனுப்பச் சொன்னார்.